மறுமதிப்பீடு தாமதமானால்: மாணவருக்குச் சட்டம் தரும் வழிகள்

பன்னிரண்டாம் வகுப்பு முடித்துக் கல்லூரிக்குச் சென்ற மாணவர்கள் ஏதேனும் சிக்கல் வரும்போது பள்ளியைத் தேடி வருவது நாம் அறிந்ததே. வீட்டில் விவரம் கேட்க ஆளில்லாத முதல் தலைமுறைப் பட்டதாரிகளுக்கு நம்மை விட்டால் வேறு யார்? "சார், ஒரு பேப்பர் போயிடுச்சு. ரீவேல்யூவேஷன் போட்டு ரெண்டு மாசமாச்சு. இன்னும் ஒண்ணும் வரல" என்று ஒரு மாணவர் சொல்லும்போது, "பொறுத்திரு, வந்துவிடும்" என்பதே பெரும்பாலும் நம் பதில்.

அந்தப் பொறுமைக்கு ஒரு விலை இருக்கிறது. முதுகலைச் சேர்க்கைக்கோ பி.எட். சேர்க்கைக்கோ கடைசி நாள் கடந்துவிடுகிறது. வேலைக்கான சான்றிதழ் சரிபார்ப்பில் பட்டச் சான்று இல்லாமல் நிற்க வேண்டியிருக்கிறது. ஆறு மாதம் கழித்து "தேர்ச்சி" என்று முடிவு வந்தாலும், இழந்த ஓராண்டு திரும்புவதில்லை. தொலைநிலைக் கல்வியில் முதுகலை பயிலும் ஆசிரியர்களுக்கும் இதே நிலை நேரலாம். எனவே இத்தகைய தாமதத்திற்குச் சட்டத்தில் என்ன தீர்வு உண்டு என்பதை இக்கட்டுரையில் படிப்படியாகக் காண்போம்.

தேர்வு நடத்துவது யார்?

முதலில் தெளிவுபெற வேண்டிய கேள்வி இது. தாம்பரத்திலிருந்து செங்கல்பட்டு செல்லும் புறநகர் ரயிலில் வரும் மாணவர்களை எடுத்துக்கொள்வோம். பொத்தேரியில் இறங்குவோரில் பலர் எஸ்.ஆர்.எம். நிகர்நிலைப் பல்கலைக்கழகத்தில் பயில்பவர்கள். அங்கே பாடம் நடத்துவதும் தேர்வு நடத்துவதும் ஒரே நிறுவனம். செங்கல்பட்டு வரை சென்று இராஜேஸ்வரி வேதாசலம் அரசு கலைக் கல்லூரியில் பயில்பவர் எழுதுவது சென்னைப் பல்கலைக்கழகத்தின் கீழ் வரும் தேர்வு. செங்கல்பட்டு மருத்துவக் கல்லூரி மாணவருக்குத் தேர்வு நடத்துவது தமிழ்நாடு டாக்டர் எம்.ஜி.ஆர். மருத்துவப் பல்கலைக்கழகம். அண்ணா பல்கலைக்கழகத்தின் இணைவு பெற்ற பொறியியல் கல்லூரிகளில் பயில்வோரும் அதே பெட்டியில் இருப்பார்கள்.

ஒரே ரயிலில் வந்தாலும் இவர்கள் விண்ணப்பிக்க வேண்டிய இடங்கள் வெவ்வேறு. கல்லூரி அலுவலகத்தில் வாய்மொழியாகக் கேட்டுவிட்டு, "கேட்டேன், தெரியாது என்றார்கள்" என்று திரும்பி வரும் மாணவரிடம் நாம் முதலில் கேட்க வேண்டியது, "உன் தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலர் யார்? அவருக்கு எழுத்து மூலம் விண்ணப்பித்தாயா?" என்பதே.

இரண்டு குறைகள், இரண்டு பாதைகள்

மாணவர் ஒரே மூச்சில் சொல்லும் குறைக்குள் இரண்டு குறைகள் கலந்திருக்கின்றன. ஒன்று, "எனக்கு மதிப்பெண் குறைத்துப் போட்டுவிட்டார்கள்" என்பது. மற்றொன்று, "மறுமதிப்பீட்டிற்குப் பணம் கட்டியும் முடிவு தரவில்லை" என்பது. சட்டம் இவ்விரண்டையும் ஒன்றாகப் பார்ப்பதில்லை. இதைப் புரிந்துகொண்டால் பாதி வழி கடந்தாயிற்று.

முதல் குறையில் நீதிமன்றங்கள் மிகவும் தயங்கும். விதிகளில் மறுமதிப்பீட்டிற்கு இடமில்லை என்றால் அதை உரிமையாகக் கேட்க முடியாது என்று மகாராஷ்டிர மாநில இடைநிலை, மேல்நிலைக் கல்வி வாரியம் தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் 1984-இல் தீர்ப்பளித்தது. 2017 டிசம்பர் 11 அன்று வழங்கப்பட்ட ரண் விஜய் சிங் வழக்கின் தீர்ப்பு, ஆசிரியர்கள் அறிந்திருக்க வேண்டிய ஒன்று. உத்தரப் பிரதேசத்தில் பட்டதாரி ஆசிரியர் பணிக்காக 2009-இல் அறிவிக்கப்பட்ட தேர்வு பற்றியது அவ்வழக்கு. தேர்வு முடிந்து பல ஆண்டுகளாகியும் முடிவு உறுதிப்படாத நிலையைக் குறித்து நீதிமன்றம் கவலை தெரிவித்தது. விடைத்தாளை நீதிபதிகளே திருத்த முற்படக் கூடாது, விடைக்குறிப்பு சரியானது என்றே முதலில் கருத வேண்டும், ஐயம் எழுந்தால் அதன் பயன் தேர்வு நடத்திய அமைப்பிற்கே சேரும் என்று அத்தீர்ப்பு வகுத்தது. நீண்ட வாதம் எதுவும் தேவைப்படாமல், பார்த்தவுடன் தெரியும் பெரும் பிழை இருந்தால் மட்டுமே, அதுவும் அரிதாக, நீதிமன்றம் தலையிடலாம்.

அதே தீர்ப்பில் இன்னொன்றும் இருக்கிறது. மறுமதிப்பீட்டிற்கு விதியிலேயே இடமிருந்தால், தேர்வு நடத்தும் அமைப்பு அதை அனுமதிக்கலாம். பல்கலைக்கழகம் தன் விதியில் மறுமதிப்பீட்டிற்கு இடம் தந்து, அறிவிப்பு வெளியிட்டு, கட்டணமும் பெற்றுக்கொண்ட பிறகு, அதைச் செய்து முடிப்பது அதன் கடமை. அக்கடமையைக் காலத்தில் செய்யச் சொல்லும்போது யாரும் எந்த விடையையும் திருத்தச் சொல்வதில்லை. எனவே இரண்டாவது குறையில் மாணவரின் நிலை வலுவானது. "மதிப்பெண்ணைக் கூட்டிக் கொடுங்கள்" என்று கேட்பதைவிட, "இன்ன நாளுக்குள் முடிவைத் தாருங்கள்" என்று கேட்பதற்கே சட்டத்தில் பலம் அதிகம்.

தேதி எங்கே எழுதப்பட்டிருக்கிறது?

தாமதம் என்று சொல்ல, முதலில் ஒரு கெடு தேவை. மும்பைப் பல்கலைக்கழகத்தில் 2017-இல் நடந்தது இதற்கு நல்ல பாடம். அவ்வாண்டு விடைத்தாள்களைக் கணினித் திரையில் திருத்தும் முறை போதிய முன்னேற்பாடின்றி ஒட்டுமொத்தமாகப் புகுத்தப்பட்டது. கோடையில் வர வேண்டிய முடிவுகள் செப்டம்பர் வரை இழுத்தன. மறுமதிப்பீடும் தாமதமாகி, மாணவர்கள் பம்பாய் உயர் நீதிமன்றத்தை நாடினர். மகாராஷ்டிரப் பொதுப் பல்கலைக்கழகங்கள் சட்டம், 2016 தேர்வு முடிந்து 30 நாளில், எப்படியும் 45 நாளுக்குள், முடிவு வெளியிட வேண்டும் என்று கூறுகிறது. கெடு சட்டத்திலேயே எழுதப்பட்டிருந்ததால் தவறு யாருடையது என்பதில் மழுப்ப இடமில்லாமல் போயிற்று. 2017 அக்டோபரில் துணைவேந்தரே பதவியிலிருந்து நீக்கப்பட்டார்.

நம் மாணவர்கள் கெடுவைத் தேட வேண்டிய இடங்கள் நான்கு: பல்கலைக்கழகத்தின் கல்வி ஆண்டு நாட்காட்டி, தேர்வு விதிமுறைகள், மறுமதிப்பீட்டு அறிவிப்பு, அடுத்த பருவத் தேர்வுக்கான கட்டண அறிவிப்பு. இந்நான்கையும் பதிவிறக்கி, அச்செடுத்து வைத்துக்கொள்ளச் சொல்ல வேண்டும். இணையப் பக்கம் மாறலாம். அச்சிட்ட தாள் மாறாது. இவை தவிர, தேர்ச்சி பெற்றவருக்கு 180 நாளுக்குள் பட்டம் வழங்க வேண்டும் என்கிறது பல்கலைக்கழக மானியக் குழுவின் 2008-ஆம் ஆண்டு ஒழுங்குமுறை. மறுமதிப்பீட்டைக் காலவரையின்றி இழுப்பது இதன் நோக்கத்திற்கும் எதிரானதே.

எழுத்து மூலம் கேட்டல்

அடுத்த படி, தேர்வுக் கட்டுப்பாட்டு அலுவலருக்கு ஒரு பக்கக் கடிதம். கோபமோ கெஞ்சலோ தேவையில்லை. அதன் சாரம் இப்படி இருக்கலாம்:

"நான் … பதிவெண் கொண்ட மாணவி. … பருவத் தேர்வில் … தாளுக்கு, … தேதியில், ரூ. … கட்டணம் செலுத்தி மறுமதிப்பீடு கோரினேன். கட்டண ரசீது நகல் இணைத்துள்ளேன். இன்று வரை முடிவு தெரிவிக்கப்படவில்லை. … பல்கலைக்கழக முதுகலைச் சேர்க்கைக்குக் கடைசி நாள் … ஆகும். ஆகவே … தேதிக்குள் முடிவை வெளியிடுமாறும், தாமதத்திற்குக் காரணம் இருப்பின் எழுத்து மூலம் தெரிவிக்குமாறும் கேட்டுக்கொள்கிறேன்."

கடிதத்தில் மூன்று தேதிகள் இருப்பதைக் கவனியுங்கள்: விண்ணப்பித்த நாள், இழப்பு நேரும் நாள், முடிவு கோரும் நாள். இம்மூன்றும் இல்லாத கடிதம் வெறும் புலம்பலாகிவிடும். மின்னஞ்சலிலும் ஸ்பீடு போஸ்ட்டிலும் அனுப்பி ஒப்புகையைப் பத்திரப்படுத்த வேண்டும். அரசுப் பல்கலைக்கழகம் என்றால் 'முதல்வரின் முகவரி' வழியாகவும் மனு அளிக்கலாம். சேர விரும்பும் கல்லூரிக்கும், "மறுமதிப்பீடு நிலுவையில் உள்ளது, தற்காலிகமாகச் சேர்த்துக்கொள்ளுங்கள்" என்று அதே நாளில் ஒரு விண்ணப்பம் தருவது நல்லது.

விடைத்தாளைப் பார்க்கும் உரிமை

திருத்தப்பட்ட தன் விடைத்தாளைப் பார்ப்பதும் நகல் பெறுவதும் மாணவரின் உரிமை. ஆதித்ய பந்தோபாத்யாய் வழக்கில் 2011 ஆகஸ்ட் 9 அன்று உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. திருத்திய விடைத்தாள் தகவல் பெறும் உரிமைச் சட்டம், 2005-இன்படி 'தகவல்' என்பதால் அதை மாணவருக்கு மறுக்க இயலாது. திருத்தியவரின் பெயரும் கையொப்பமும் மட்டும் அவரது பாதுகாப்புக் கருதி மறைக்கப்படும்.

அதே தீர்ப்பில் ஓர் எச்சரிக்கையும் உண்டு. விடைத்தாள்களை எவ்வளவு காலம் பாதுகாக்க வேண்டுமென அந்த அமைப்பின் விதி சொல்கிறதோ, அக்காலம் வரைதான் இந்த உரிமை. அதன்பின் தாள்கள் அழிக்கப்பட்டுவிடலாம். எனவே மறுமதிப்பீட்டு முடிவு வரட்டும் என்று காத்திருந்து பிறகு நகல் கேட்பது ஆபத்து. இரண்டையும் ஒரே சமயத்தில் கேட்க வேண்டும்.

இதற்குச் சம்பந்தப்பட்ட பல்கலைக்கழகத்தின் பொதுத் தகவல் அலுவலருக்கு ரூ. 10 கட்டணத்துடன் விண்ணப்பிக்கலாம். காரணம் சொல்லத் தேவையில்லை. 30 நாளுக்குள் பதில் வர வேண்டும். வராவிட்டாலோ மறுக்கப்பட்டாலோ, அடுத்த 30 நாளுக்குள் அதே நிறுவனத்தின் மேல்முறையீட்டு அலுவலரிடம் முதல் மேல்முறையீடு. அதிலும் தீர்வு இல்லையெனில் 90 நாளுக்குள் தகவல் ஆணையத்திடம் இரண்டாவது மேல்முறையீடு. பல்கலைக்கழகமே நகல் வழங்கத் தனிக் கட்டணத்துடன் ஒரு முறை வைத்திருந்தாலும், தகவல் சட்ட வழி அடைபடாது. இரண்டில் எதையும் மாணவர் தேர்ந்துகொள்ளலாம் என்று 2019-இல் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது.

விடைத்தாளை மட்டுமன்றி, "என் மறுமதிப்பீட்டு விண்ணப்பம் எந்த நாளில் தேர்வாளருக்கு அனுப்பப்பட்டது? இப்போது எந்த நிலையில் உள்ளது? முடிவு வெளியிட விதியில் உள்ள கால அளவு என்ன?" என்ற கேள்விகளையும் அதே விண்ணப்பத்தில் சேர்க்கலாம். பல நேரங்களில் இக்கேள்விகளே கோப்பை நகர்த்திவிடும். இவ்வழி அரசுப் பல்கலைக்கழகங்களுக்கு நேரடியாகப் பொருந்தும். தனியார் நிகர்நிலைப் பல்கலைக்கழக மாணவர்கள் அந்நிறுவனத்தின் தேர்வு விதியின்படி விடைத்தாளைக் காணக் கோருவதும், அடுத்துக் கூறும் குறைதீர்ப்பு வழியை நாடுவதும் விரைவானது.

குறைதீர்க்கும் குழுவும் குறைதீர்ப்பாளரும்

பல்கலைக்கழக மானியக் குழுவின் மாணவர் குறைதீர்ப்பு ஒழுங்குமுறைகள் 2023 ஏப்ரலில் வெளியாயின. அரசு, தனியார், நிகர்நிலை என்ற வேறுபாடின்றி இவை பொருந்தும். ஒவ்வொரு நிறுவனத்திலும் பேராசிரியர் ஒருவர் தலைமையில் மாணவர் குறைதீர்க்கும் குழு இருக்க வேண்டும். குழுவில் பெண் ஒருவரும், பட்டியல் சாதி, பழங்குடி அல்லது பிற பிற்படுத்தப்பட்ட வகுப்பைச் சேர்ந்த ஒருவரும் இடம்பெற வேண்டும். கல்வி நாட்காட்டியில் குறித்த காலத்தைத் தாண்டித் தேர்வு முடிவு தாமதமாவது, மதிப்பீட்டில் வெளிப்படைத்தன்மை இல்லாதது ஆகிய இரண்டும் இந்த ஒழுங்குமுறையில் 'குறை' என்றே பட்டியலிடப்பட்டுள்ளன. மறுமதிப்பீட்டு முடிவும் ஒரு தேர்வு முடிவே என்பதை மாணவர் தம் மனுவில் எடுத்துரைக்கலாம்.

குழு 15 வேலை நாளுக்குள் அறிக்கை தர முயல வேண்டும். அதில் நிறைவில்லையெனில், முடிவு கிடைத்த 15 நாளுக்குள் குறைதீர்ப்பாளரிடம் மேல்முறையீடு செய்யலாம். ஓய்வுபெற்ற துணைவேந்தர், ஓய்வுபெற்ற பேராசிரியர் அல்லது முன்னாள் மாவட்ட நீதிபதி இப்பொறுப்பில் இருப்பார். அவர் 30 நாளுக்குள் தீர்வு காண முயல வேண்டும்.

இங்கும் முன்சொன்ன வேறுபாடு வருகிறது. "என் தாளை மறுமதிப்பீடு செய்யுங்கள்" என்று மட்டும் கேட்கும் மனுவைக் குறைதீர்ப்பாளர் ஏற்க மாட்டார். முடிவைப் பாதிக்கும் குறிப்பிட்ட முறைகேட்டையோ பாகுபாட்டையோ சுட்டினால்தான் ஏற்பார். ஆகவே மனுவின் மையம் தாமதமாகவே இருக்க வேண்டும்.

உயர் நீதிமன்றம்: பொத்தேரியிலிருந்து ஒரு தீர்ப்பு

மேற்கண்ட வழிகளில் பயன் கிட்டாதபோது, அல்லது சேர்க்கைக்கான கடைசி நாள் நெருங்கிவிட்டபோது, அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தை நாடலாம். செங்கல்பட்டு மாவட்டத்தவர் செல்ல வேண்டியது சென்னையில் உள்ள முதன்மை அமர்வு. கடமையைச் செய்யுமாறு ஆணையிடும் செயலுறுத்தும் நீதிப்பேராணையே இங்குப் பொருத்தமானது. இதைப் பெற, மாணவர் கோரிக்கை வைத்தும் அது நிறைவேற்றப்படவில்லை என்று காட்ட வேண்டும். நாம் எழுதச் சொன்ன ஒரு பக்கக் கடிதமும் ஒப்புகையும் இங்கேதான் பயன்படுகின்றன.

"தனியார் பல்கலைக்கழகத்தின்மீது இப்படி வழக்குத் தொடர முடியுமா?" என்ற ஐயம் எழலாம். இதற்கு விடை பொத்தேரியில் இருந்தே வந்தது. எஸ்.ஆர்.எம். பல்கலைக்கழக விரிவுரையாளர் ஒருவரின் பணிநீக்கம் தொடர்பான வழக்கில், தனியார் நிறுவனத்தின்மீது நீதிப்பேராணை மனு செல்லாது என்று சென்னை உயர் நீதிமன்ற அமர்வு கூறியிருந்தது. 2015 டிசம்பர் 15 அன்று உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. நிகர்நிலைப் பல்கலைக்கழகம் கல்வி வழங்குதல் என்னும் பொதுப்பணியைச் செய்கிறது. எனவே அது நீதிப்பேராணைக்கு உட்பட்டதே என்று அத்தீர்ப்பு கூறியது. வழக்கு ஆசிரியருடையது, பயன் மாணவருக்கும் உண்டு. தேர்வு நடத்துவதும் பட்டம் வழங்குவதும் அந்தப் பொதுப்பணியின் மையமல்லவா?

நீதிமன்றம் தாமதத்தை இரு பக்கமும் பார்க்கும் என்பதை மறக்கக் கூடாது. பல மாதம் வாளாவிருந்துவிட்டுக் கடைசி நாளுக்கு முந்தின நாள் வரும் மாணவருக்கு உதவுவது நீதிமன்றத்திற்கும் கடினம்.

செலவை எண்ணித் தயங்கத் தேவையில்லை. சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம், 1987-இன்படி பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத் திறனாளிகள் ஆகியோர் வருமான வரம்பின்றி இலவசச் சட்ட உதவி பெறலாம். மற்றவர்களுக்கு வருமான வரம்பு உண்டு. மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவை நேரில் அணுகலாம். 15100 என்ற கட்டணமில்லா எண்ணிலும் பேசலாம்.

செல்லக் கூடாத இரு வழிகள்

"கட்டணம் கட்டினோமே, நுகர்வோர் ஆணையத்திற்குப் போகலாமே" என்று பலர் சொல்வார்கள். பீகார் பள்ளித் தேர்வு வாரியம் தொடர்பான வழக்கில் 2009-இல் உச்ச நீதிமன்றம், தேர்வு நடத்துவது நுகர்வோர் சட்டம் கூறும் 'சேவை' அன்று, தேர்வு எழுதுபவர் 'நுகர்வோர்' அல்லர் என்று முடிவு செய்தது. அங்கே சென்றால் காலம்தான் வீணாகும்.

இரண்டாவது, "ஆள் தெரியும், பணம் கொடுத்தால் முடித்துவிடலாம்" என்பது. அண்ணா பல்கலைக்கழகத்தில் 2017 ஏப்ரல்–மே தேர்வுக்குப் பின் மறுமதிப்பீடு கோரியவர்கள் 3,02,380 பேர்; அதில் தேர்ச்சி பெற்றவர்கள் 73,733 பேர். இதில் பணம் கைமாறியதாக எழுந்த குற்றச்சாட்டின்பேரில் 2018 ஆகஸ்டில் ஊழல் தடுப்புத் துறை வழக்குப் பதிந்தது. நேர்மையாகப் படித்து மறுமதிப்பீட்டில் தேறியவர்களின் மதிப்பெண்ணும் அதனால் சந்தேகத்திற்கு உள்ளாயிற்று. தாமதம் இருக்கும் இடத்தில்தான் தரகர் நுழைகிறார். முறையான வழி மாணவருக்குத் தெரிந்திருந்தால் அவருக்கு அங்கே வேலையில்லை.

ஒரு மாணவியின் நாட்காட்டி

கற்பனையாக ஓர் எடுத்துக்காட்டு. இறுதிப் பருவத்தில் ஒரு தாளில் தோல்வியுற்ற மாணவி ஒருவர், அறிவிப்பு வந்த முதல் வாரத்திலேயே மறுமதிப்பீட்டிற்கும் விடைத்தாள் நகலுக்கும் விண்ணப்பிக்கிறார். அத்தாளுக்கு அடுத்த தேர்வுக் கட்டணத்தையும் தவறாமல் செலுத்திவிடுகிறார். மறுமதிப்பீட்டை நம்பி அரியர் தேர்வை விடுவது பெரும் இழப்பாகிவிடும். விதியில் கூறிய காலம் கடந்த மறுநாளே கட்டுப்பாட்டு அலுவலருக்குக் கடிதம் அனுப்புகிறார். ஒரு வாரம் பார்க்கிறார். பதில் இல்லை. குறைதீர்க்கும் குழுவிற்கு மனுவும், தகவல் உரிமை விண்ணப்பமும் ஒரே நாளில் செல்கின்றன. சேர்க்கைக்கு மூன்று வாரமே இருக்கும் நிலையில் சட்டப் பணிகள் ஆணைக்குழுவின் வழக்கறிஞரிடம் செல்கிறார். அவர் கையில் உள்ள கோப்பில் ரசீது, அறிவிப்பு, கடிதம், ஒப்புகை, சேர்க்கை அறிவிப்பு ஆகிய ஐந்தும் நாள்வரிசையில் இருக்கின்றன. வழக்கறிஞர் உடனே வேலையைத் தொடங்க முடிகிறது.

பள்ளியில் நாம் செய்யக்கூடியவை

இந்தப் பழக்கத்தைப் பள்ளியிலேயே தொடங்கலாம். மேல்நிலைப் பொதுத் தேர்விற்குப் பின் அரசுத் தேர்வுகள் இயக்ககம் விடைத்தாள் நகல், மறுகூட்டல், மறுமதிப்பீடு ஆகியவற்றிற்கு வாய்ப்பளிக்கிறது. நகல் கிடைத்ததும் பாட ஆசிரியர் மாணவருடன் அமர்ந்து, விடைக்குறிப்போடு ஒப்பிட்டு, கூட்டல் பிழையா, திருத்தாமல் விட்ட விடையா, அல்லது மதிப்பெண் சரிதானா என்று பார்த்துச் சொன்னால், வீண் விண்ணப்பங்களும் குறையும், தகுதியான விண்ணப்பம் தவறவும் செய்யாது.

வகுப்பறைச் செயல்பாடாகப் பின்வருவனவற்றை மேற்கொள்ளலாம்:

1. பதினொன்றாம் வகுப்பு மாணவர்களைக் குழுக்களாகப் பிரித்து, ஒவ்வொரு குழுவிற்கும் ஒரு பல்கலைக்கழகத்தின் தேர்வு அறிவிப்பைக் கொடுத்து, அதில் உள்ள கடைசி நாட்களை மட்டும் பட்டியலிடச் செய்தல்.

2. மேலே தந்த மாதிரிக் கடிதத்தைச் சொந்த நடையில் எழுதச் செய்து, அதில் மூன்று தேதிகளும் உள்ளனவா என ஒருவர் தாளை மற்றவர் சரிபார்த்தல்.

3. தகவல் உரிமை விண்ணப்பம் ஒன்றை நிரப்பிப் பழகுதல்.

4. "மதிப்பெண் தவறு", "முடிவு தாமதம்" ஆகிய இரண்டிற்கும் உரிய வழிகளைக் கரும்பலகையில் இரு பத்திகளாக எழுதி விவாதித்தல்.

விடைத்தாள் திருத்தும் பணியில் நாமும் இருக்கிறோம். நம் கைக்கு வரும் ஒவ்வொரு கட்டிலும் யாரோ ஒரு மாணவரின் அடுத்த ஆண்டு இருக்கிறது. அதைக் காலத்தில் திருத்தித் தருவது நம் கடமை. காலத்தில் கிடைக்காதபோது உரிய இடத்தில், உரிய சொற்களில் கேட்கக் கற்றுக்கொடுப்பதும் நம் பாடத்தில் ஒரு பகுதியே.